மூன்று நாள் மினுக்கிய சிவப்பு விளக்கு

ஒலிப்பதிவு வேலைக்குப் புதிதாக வந்திருப்பவர்களுக்கு ஏதாவது எழுதிக் கொடுங்கள் என்று கேட்டிருக்கிறீர்கள். கருவிகளைப் பற்றி எழுத மாட்டேன். அவை என்னைவிட உங்களுக்கு நன்றாகத் தெரியும். நான் எழுதப் போவது ஒரு மத்தியானத்தைப் பற்றி. பன்னிரண்டு மணியிலிருந்து நாலு மணி வரைக்கும் நான் வாயைத் திறக்காமல் இருந்த மத்தியானம் அது.

முதலில் நான் யார் என்று சொல்லிவிடுகிறேன். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடம் என்னை விட்டதா, நான் பள்ளிக்கூடத்தை விட்டேனா என்பது இன்னும் முடிவாகவில்லை. சாத்தான்குளத்திலிருந்து கிளம்பியவன் லாரியில் கிளீனராக இருந்தேன், பரோட்டாக் கடையில் மாவு பிசைந்தேன், களக்காட்டில் வாழைத்தார் சுமந்தேன். கடைசியில் அம்பாசமுத்திரத்தில் ஒரு மைக் செட் கடையில் ஒதுங்கினேன். கல்யாணம், கோயில் கொடை, கட்சிக் கூட்டம் எல்லாவற்றுக்கும் ஒலிபெருக்கிக் குழாய் கட்டுவோம். இரவில் அந்தக் குழாய்களுக்கு நடுவில்தான் படுக்கை. கடையில் ஒழுகாத இடம் அது ஒன்றுதான். இப்போது என் இடது காது பாதிதான் கேட்கிறது. குழாய்க்குப் பக்கத்தில் படுத்ததால்தான் என்று டாக்டர் சொன்னார். தூங்கும்போது அது அணைந்துதான் இருந்தது என்றேன். அவர் சிரிக்கவில்லை.

அந்தக் கடைக்குத்தான் ஒருநாள் சென்னையிலிருந்து ஒரு பெண் வந்தார். நம் நாட்டின் நிலங்களையும் காடுகளையும் பற்றிப் பத்து நிமிடப் படம் எடுத்துக்கொண்டிருந்தார். அவருக்கு அது முதல் படம். பாலைவனம், பனிமலை, கடற்கரை எல்லாம் முடிந்துவிட்டன. பாக்கி இருந்தது மழைக்காடு. தாமிரபரணி தொடங்கும் நம் மலைக்கு நாலு நிமிடம் ஒதுக்கியிருந்தார். அந்த நாலு நிமிடத்திலும் இசை கிடையாது, பின்னாலிருந்து விளக்கம் சொல்லும் குரலும் கிடையாது. காட்டின் சத்தம் மட்டும்தான். உள்ளே போக மூன்று நாள் அனுமதி வாங்கியிருந்தார். எல்லாம் தயார். ஒலிப்பதிவாளருக்கு மட்டும் மஞ்சள் காமாலை வந்துவிட்டது.

“சத்தம் சம்பந்தமா வேலை தெரிஞ்ச ஆள் வேணும்” என்றார்.

எங்கள் முதலாளி என்னைக் காட்டினார். “இவன் போட்டா தென்காசி வரைக்கும் கேக்கும், மேடம்.”

காமாலைக்காரர் சென்னைக்குக் கிளம்பிக்கொண்டிருந்தார். பேருந்து உறுமிக்கொண்டு நிற்க, ஜன்னல் வழியாகப் பதிவுப் பெட்டியை என் கையில் கொடுத்தார். “இந்தப் பொத்தான்தான். அழுத்தினா சிவப்பு விளக்கு மினுக்கும். திரும்ப அழுத்தினா மினுக்காம எரியும். வேற எதையும் தொடாதீங்க” என்றார். பேருந்து போய்விட்டது.

இரண்டில் எது ஓடுவது, எது நிற்பது என்று அவர் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. மைக் செட்காரனுக்கு அது ஒரு கேள்வியே இல்லை. எங்கள் ஆம்ப்ளிஃபயரில் பாட்டு ஓடும்போது விளக்குகள் பாட்டுக்குத் தகுந்தபடி மினுக்கும். மினுக்காமல் எரிந்தால் பெட்டி சும்மா சூடாகிறது என்று அர்த்தம், யாராவது ஓடிப்போய் ஒயரை ஆட்ட வேண்டும். ஆகவே மினுக்கினால் வேலை நடக்கிறது, நிலையாக எரிந்தால் நின்றிருக்கிறது. இதில் சந்தேகப்பட என்ன இருக்கிறது?

உங்களுக்குத் தெரியும். அந்தப் பெட்டி நேர் எதிர். மினுக்கினால் நான் தயார், இன்னும் தொடங்கவில்லை என்று அர்த்தம். நிலையாக எரிந்தால்தான் பதிவு. அது மட்டும் இல்லை, பதிவு ஆகாதபோதும் காதில் மாட்டும் கருவியில் சத்தம் ஜோராகக் கேட்கும். அருவி கொட்டும், குருவி பாடும். நானும் தலையை ஆட்டி ரசித்தேன். தூறலுக்குப் பயந்து, மைக் செட் உறை ஒன்றை வெட்டித் தைத்துப் பெட்டிக்குச் சட்டை போட்டிருந்தேன். விளக்குக்கு மட்டும் ஒரு ஓட்டை. பதிவு நேரம் ஓடுகிறதா என்று காட்டும் திரையை அந்தச் சட்டை அழகாக மூடிவிட்டது.

நாங்கள் நாலு பேர். இயக்குநரைச் சொன்னேன். கேமராவுக்கு ஒரு அண்ணாச்சி, பாளையங்கோட்டைக்காரர். கனத்த உடம்பு, மேல் வரிசையில் நாலு கட்டுப்பல். வீட்டில் சுட்ட கைமுறுக்கை ஒரு தகர டப்பாவில் கொண்டு வந்திருந்தார். ஒவ்வொரு முறையும் கண்ணை மூடி ஒரு ஜெபம் சொல்லிவிட்டுத்தான் கடிப்பார். ஒரு முறுக்குக்கு ஒரு ஜெபம். நாலாவது ஆள் வனத்துறை வாட்சர், எங்களைக் கூட்டிப்போக வந்தவர். ஒல்லி, வெறுங்கால். அட்டை அவரைக் கடித்து நான் பார்த்ததில்லை. எங்களை விடவில்லை. நான் முதல் நாளில் பதினேழு வரை எண்ணிவிட்டு எண்ணுவதை நிறுத்திவிட்டேன். உப்புத் துணியால் தொட்டால் விழுந்துவிடும், பிறகு கொஞ்ச நேரம் ரத்தம் வரும், அவ்வளவுதான்.

தங்கியது கரண்ட் இல்லாத ஒரு கொட்டகையில். பேட்டரியை வீணாக்கக்கூடாது, எடுத்ததை அங்கே போட்டுப் பார்க்கவே வேண்டாம் என்று இயக்குநர் சொல்லியிருந்தார். இதுவும் எனக்கு வசதியாகப் போயிற்று.

இரண்டாம் நாள் ஒரு பெரிய சண்டை. இருவாச்சிப் பறவைக்காகக் காலையிலிருந்து ஒரு அத்தி மரத்தடியில் காத்திருந்தோம். பதினொரு மணிக்கு ஒன்று வந்தது. இயக்குநர் கையைக் காட்டினார். அண்ணாச்சி குனிந்திருந்தார். இருவாச்சி போய்விட்டது. அவ்வளவுதானே என்று நான் பொத்தானை அழுத்தினேன், விளக்கு மினுக்குவதை நிறுத்தி நிலையாக எரிந்தது. பெட்டியைப் பாறைமேல் வைத்தேன். காதிலிருந்ததையும் கழற்றினேன்.

“அண்ணா, அது தலைக்கு மேல பறந்துச்சு. நீங்க எங்க பார்த்துட்டு இருந்தீங்க?”

“காலுல அட்டை ஏறுது. அதப் பாக்கவா, பறவையப் பாக்கவா?”

“அட்டை ரத்தத்தத்தான் குடிக்கும். நீங்க என் உயிரையே குடிக்கறீங்க.”

“அப்படின்னா என் மேலயும் உப்பைத் தூவுங்க. விழுந்துருதேன்.”

“ரெண்டு பேரும் இப்படிக் கத்துனா இருவாச்சி மலையத் தாண்டிக் கேரளாவுக்குப் போயிரும்” என்றார் வாட்சர். “அங்கன போயி எடுக்கணும்னா வேற பெர்மிட்டு.”

“நீரு சும்மா இரும் வே!” என்றார் அண்ணாச்சி. உடனே வாட்சருக்கும் கோபம் வந்துவிட்டது. அப்புறம் யாரும் யாரோடும் பேசவில்லை. நாலு பேரும் நாலு மரத்தடியில், நாலு திசையைப் பார்த்து உட்கார்ந்தோம். நான் யாரோடும் சண்டை போடவில்லை. ஆனாலும் எல்லாரும் உம்மென்று இருக்கும்போது நான் மட்டும் என்ன செய்வது? நானும் ஒரு திசையைப் பார்த்தேன்.

மூன்றாம் நாள் பன்னிரண்டு மணிக்கு, சாப்பிட்டு முடித்து, பெட்டியின் சட்டையில் ஒட்டியிருந்த புளிசாதப் பருக்கையைத் தட்டிவிட அதைக் கழற்றினேன். அதற்கு முன் நிறுத்தத்தான் செய்திருந்தேன், விளக்கு நிலையாகத்தான் எரிந்தது. ஆனால் திரையில் எண்கள் ஓடிக்கொண்டிருந்தன. அழுத்தினேன். மினுக்கியது. எண்கள் நின்றன. மறுபடி அழுத்தினேன். ஓடின. ஆறேழு தடவை அழுத்தியிருப்பேன். தாலி என்று நினைத்துக் கட்டியது இடுப்புக் கயிறு என்று தெரிந்த மாப்பிள்ளையைப் போல உட்கார்ந்திருந்தேன்.

மூன்று நாள் காடு பெட்டியில் இல்லை. நாங்கள்தான் இருந்தோம்.

இங்கே கொஞ்சம் கவனியுங்கள். நாலு மணிக்கு நாங்கள் சோதனைச்சாவடியைத் தாண்டி வெளியே போக வேண்டும். இன்னும் நாலு மணி நேரம் இருந்தது. “மேடம், தப்பாயிட்டு. எல்லாரும் வாயை மூடி உட்காருங்க, எடுக்குதேன்” என்று அப்போதே சொல்லியிருந்தால், ஒரு நிமிடம் திட்டு வாங்கிவிட்டு, ஓடையை எடுத்திருக்கலாம், கருமந்திக் குரங்கை எடுத்திருக்கலாம். அமைதி கேட்க வேண்டும், அவ்வளவுதான். அமைதி கேட்டால் காரணம் சொல்ல வேண்டும். காரணம் சொன்னால் திரும்பவும் குழாய் கட்டப் போக வேண்டும். அதுதான் என் பயம்.

பைய அவர் பக்கத்தில் போய், “இன்னும் கொஞ்சம் சத்தம் எடுக்கட்டுமா மேடம்?” என்றேன்.

அன்று காலை மலையணில் ஒன்று அத்திக்காய் தின்பதை அண்ணாச்சி பிரமாதமாக எடுத்திருந்தார். இருவாச்சியும் கிடைத்துவிட்டது. இயக்குநர் ஏக சந்தோஷத்தில் இருந்தார். “போதும் அண்ணா, மூணு நாளா எடுத்துட்டே இருக்கீங்க. கார்டு பாதிக்கு மேல நெறஞ்சிருக்குமே?”

“நெறஞ்சிருக்கு” என்றேன். அது பொய் இல்லை.

பிறகு நாலு மணி வரைக்கும் இறங்கும் வழியெல்லாம் அவர் படத்தைப் பற்றிப் பேசிக்கொண்டே வந்தார். பெட்டி இப்போது சரியாக ஓடியது. அவருடைய சந்தோஷத்தை நாலு மணி நேரம் சுத்தமாகப் பதிவு செய்தேன்.

அம்பாசமுத்திரம் லாட்ஜுக்கு வந்து டீ சொன்னோம். வாட்சருக்கு மறுநாள் விடுமுறை, அவரும் கூட வந்திருந்தார். டீ வருவதற்குள் இயக்குநர், “அந்த அருவியப் போடுங்கண்ணா, கேட்போம்” என்று சின்ன ஒலிபெருக்கி ஒன்றை எடுத்து மேஜையில் வைத்தார்.

அப்போதாவது சொல்லியிருக்கலாம். நான் பொத்தானை அழுத்தினேன்.

முதலில் அருவி தூரத்தில் கேட்டது. இயக்குநர் முகம் மலர்ந்தது. பிறகு அண்ணாச்சியின் குரல் வந்தது. “இந்தப் பொண்ணுக்குக் காட்டப் பத்தி என்ன வே தெரியும்? அருவிகிட்டப் போயி ‘இன்னொரு தடவை’ங்குது. அருவி என்ன நடிகையா, மறுபடியும் வந்து விழுததுக்கு?”

அறையில் அண்ணாச்சி எழுந்து ஜன்னலுக்குப் போய்விட்டார். “வேற போடுலே” என்றார், தெருவைப் பார்த்துக்கொண்டே.

வேறு போட்டேன். இயக்குநரின் குரல் மெதுவாக வந்தது. “கேமரா அண்ணா நல்லவர்தான். ஆனா மூச்சு விடறது ஜெனரேட்டர் மாதிரி இருக்கு. புலி வந்தாகூட நமக்குக் கேக்காது.” வாட்சர் வாய்விட்டுச் சிரித்தார். அடுத்ததில் வாட்சர் சிக்கினார். எங்கள் மூன்று பேரையும் பற்றி அவர் வாக்கி டாக்கியில் யாரிடமோ சொன்னதை நான் இங்கே எழுத முடியாது. அதற்கடுத்தது என் குரல். ஓடைக்கரையில் தனியாக நின்று பேசியிருக்கிறேன். “இந்த விருதை எனக்கு அளித்த பெரியோர்களே, சாத்தான்குளத்திலிருந்து வந்த எனக்கு...” அதோடு கூட இன்னொரு ஓடைச் சத்தமும் கேட்டது. அது ஓடை இல்லை. நான் நின்றுகொண்டு இருந்த காரியம்.

ஒருவரும் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால் தேவலை.

இயக்குநர் பெட்டியை நிறுத்தினார். திட்டுவார் என்று எதிர்பார்த்தேன். ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

“எப்ப தெரியும் உங்களுக்கு?”

“மத்தியானம்.”

“எத்தனை மணி?”

“பன்னெண்டு.”

“நாம வெளிய வந்தது நாலு மணி” என்றார். மைக் செட் கடையில் முதலாளி ஆம்ப்ளிஃபயரைத் தூக்கி என்மேல் எறிந்திருக்கிறார். அது இவ்வளவு வலிக்கவில்லை.

டீ வந்தது. வாட்சர் மட்டும்தான் எடுத்துக் குடித்தார். “ஏன் நிப்பாட்டிட்டிய? போடுங்க. நீங்க பேசுததுக்குப் பொறத்தால காடு கேக்குல்லா?”

“எங்க கேக்குது?”

“நீங்க உங்களயே கேட்டுட்டு இருக்கிய. அப்புறம் எப்படிக் கேக்கும்? அன்னைக்குச் சண்ட போட்டியளே, அதப் போடுங்க.”

போட்டேன். அட்டை, உயிர், உப்பு, கேரளா, பெர்மிட்டு, “சும்மா இரும் வே” எல்லாம் வந்தது. அதற்குப் பிறகு ஒன்றும் இல்லை. இயக்குநர் கையை நீட்டி நிறுத்தப் போனார். வாட்சர் தடுத்தார்.

ஒன்றும் இல்லை என்று நாங்கள் நினைத்த இடத்தில் முதலில் சில்வண்டு வந்தது. அப்புறம் இலைகளிலிருந்து தண்ணீர் சொட்டுவது தனித்தனியாகக் கேட்டது. தூரத்தில் கருமந்தி ஒன்று உறும, இன்னொரு சரிவிலிருந்து வேறொன்று பதில் சொன்னது. சீகாரப் பூங்குருவி, வேலையில்லாதவன் தெருவில் போகும்போது விசிலடிப்பதைப் போல, ராகம் முடியாமலே விட்டுவிட்டு மறுபடி தொடங்கியது. அதற்கப்புறம் ஒரு பெரிய சத்தம். யாரோ கனத்த போர்வையை உதறி உதறி வானத்தில் நடந்து போவதைப் போல.

“இருவாச்சி” என்றார் வாட்சர். “திரும்பி வந்திருக்கு. நாம யாரும் ஏறிட்டுப் பாக்கல. மூஞ்சியத் தூக்கி வச்சுட்டு இருந்தோம்லா.”

பதினொரு நிமிடம் நாங்கள் பேசாமல் இருந்திருக்கிறோம். ஒழுங்காகச் சொல்லி அமைதி எடுத்திருந்தால் ஒரு நிமிடம்கூடத் தாங்கியிருக்க மாட்டோம். ஒருவர் இருமியிருப்பார், ஒருவர் போதுமா என்று கேட்டிருப்பார். சண்டை என்பதால் யாருக்கும் முதலில் அசைய மனம் வரவில்லை.

இயக்குநர் அதை மூன்று முறை போட்டுக் கேட்டார். மூன்றாவது முறை அண்ணாச்சி ஜன்னலிலிருந்து வந்து உட்கார்ந்தார். “நல்லா மூச்சு விட்டுருக்கேனா?” என்றார். அப்போதுதான் இயக்குநர் சிரித்தார்.

என்னை அனுப்பிவிடவில்லை. ஏன் என்று நான் கேட்கவில்லை.

இதோடு முடிந்திருந்தால் இது அதிர்ஷ்டத்தைப் பற்றிய கதை. அதிர்ஷ்டத்தை வைத்து உங்களுக்கு என்ன சொல்லித்தர முடியும்?

படத்தைச் சென்னையில் வெட்டி ஒட்டினார்கள். மூன்று நாள் பதிவையும் இயக்குநர் அப்படியே அங்கே இருந்த ஆளிடம் கொடுத்துவிட்டார், காட்டுச் சத்தம் எங்கெங்கே கிடைக்கிறதோ எடுத்துக்கொள்ளட்டும் என்று. நான் பார்க்கவில்லை. பாளையங்கோட்டையில் ஒரு கல்லூரி அரங்கில் போட்டபோதுதான் பார்த்தேன். நாலு பேருமே வந்திருந்தோம். சாதாரணக் காட்சி இல்லை. படத்தைப் பள்ளிக்கூடங்களில் காட்டலாமா என்று முடிவு செய்ய ஐந்து பேர் முன்வரிசையில் இருந்தார்கள். அவர்கள் சரி என்றால் இயக்குநரின் முதல் படத்தை ஊர் ஊராகப் பிள்ளைகள் பார்ப்பார்கள். இல்லையென்றால் அது அவருடைய அலமாரியில் இருக்கும். அவர் அன்று காலையிலிருந்து தண்ணீர்கூடக் குடிக்கவில்லை.

பாலைவனம் வந்தது, பனிமலை வந்தது. பிறகு நம் காடு. அரங்கம் மூச்சு விடவில்லை, அண்ணாச்சியைத் தவிர. இருவாச்சி பறந்தபோது பின்வரிசையில் ஒருவர் தலையைக் குனிந்துகொண்டார். பிறகு மலையணில் வந்தது. நீண்ட வால் தொங்க, இரண்டு கையாலும் அத்திக்காயைப் பிடித்துக் கடித்தது.

கடக். மொறு மொறு மொறு. டிக்.

அத்திக்காய் அப்படி உடையாது. அந்த ‘டிக்’ எந்த அணிலுக்கும் கிடையாது. அது கட்டுப்பல் இடத்துக்குத் திரும்பும் சத்தம். சென்னை ஆள் மூன்று நாள் பதிவில் தேடி, கடிக்கும் சத்தம் ஒன்று கிடைத்ததும், அணில்தான் என்று நம்பி வைத்துவிட்டார். திரும்பிப் பார்த்தேன். அண்ணாச்சி தன் படத்தைத் தானே ரசித்துக்கொண்டிருந்தார். தன் பல்லை அவருக்கே தெரியவில்லை. அரங்கில் தெரிந்தவன் நான் ஒருவன்தான்.

விளக்கு போட்டதும் கைதட்டல். முன்வரிசையில் ஒரு விலங்கியல் பேராசிரியர், வயதானவர், எழுந்தார். “எல்லாம் அருமை. குறிப்பாக அந்த மலையணில். நாற்பது வருஷமாகக் காட்டுக்குப் போகிறேன், அது கடிக்கும் சத்தத்தை இவ்வளவு பக்கத்தில் கேட்டதில்லை. எப்படி எடுத்தீர்கள்?”

இயக்குநர் பெருமையோடு என்னைக் காட்டினார்.

எனக்கு மறுபடியும் அந்தப் பன்னிரண்டு மணி. “மரத்தில் ஏறி எடுத்தேன் சார்” என்று சொன்னால் போதும், எல்லாரும் வீட்டுக்குப் போகலாம். பிள்ளைகள் அணில் முறுக்குப் போலக் கடிக்கும் என்று படிப்பார்கள், யாருக்கு நஷ்டம்? சொல்லிவிட்டால் படமே போகலாம். அதுவும் என் படம் இல்லை, அவருடைய படம். இதையெல்லாம் நான் யோசித்தேனா என்றால், யோசிக்கவில்லை. யோசித்தால் நாலு மணி ஆகிவிடும் என்று எனக்குத் தெரிந்திருந்தது.

“சார், அது அணில் இல்ல. எங்க கேமரா அண்ணாச்சி” என்றேன்.

“என்ன?”

“முறுக்கு திங்காவ. கைமுறுக்கு. தெரியாம வந்துட்டு. இருவாச்சி, குருவி, மந்தி எல்லாம் நெசம் சார். அணில் மட்டும் அண்ணாச்சி.”

அரங்கில் சத்தமே இல்லை. நல்ல அமைதி, பதிவு செய்யத் தகுந்தது. இயக்குநர் இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டார். பின்வரிசையில் வாட்சரின் குரல்: “நானும் நெனச்சேன்! அணிலு இம்புட்டுச் சத்தமாத் தின்னா பருந்து தூக்கிட்டுப் போயிரும்லா!”

பேராசிரியர்தான் முதலில் சிரித்தார். பிறகு முன்வரிசை, பிறகு மொத்த அரங்கமும். சிரித்து முடித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு அவர் சொன்னார்: “மற்றதெல்லாம் உண்மைதான் என்று இந்த மனிதர் சொன்னால் நான் நம்புகிறேன். அணிலுக்கு மட்டும் ஏதாவது செய்யுங்கள். சத்தத்தை எடுத்துவிடுங்கள், அல்லது யாருடையது என்று போடுங்கள்.”

இயக்குநர் எடுக்கவில்லை. போட்டார். பள்ளிக்கூடத்தில் அந்தப் படத்தைப் பார்த்திருந்தால் கடைசியில் பெயர்கள் வரும்போது கவனித்திருப்பீர்கள். ஒளிப்பதிவு என்று அண்ணாச்சியின் பெயர் ஒருமுறை வரும். கொஞ்சம் கீழே, ‘மலையணிலின் பற்கள்’ என்று இன்னொரு முறை. அதற்குத்தான் கைதட்டல் அதிகம் என்று கேள்வி.

அந்த இயக்குநரோடு பிறகு பல காடுகளுக்குப் போனேன். பொத்தானை நான் தப்பாக அழுத்தியது வேறு சில முறையும் நடந்திருக்கிறது, பெட்டிகள் மாறிக்கொண்டே இருக்கின்றன. ஒவ்வொரு முறையும் தெரிந்த நிமிடமே கத்திச் சொல்லிவிடுவேன். பாதிப் பறவைகள் அந்தக் கத்தலில் பறந்துவிடும். பரவாயில்லை, அவை திரும்பி வந்துவிடுகின்றன. வீணாக்கிய மத்தியானம் வருவதில்லை.

அண்ணாச்சியும் மாறிவிட்டார். எந்தக் காட்டில் உட்கார்ந்தாலும் டப்பாவைத் திறப்பார், கண்ணை மூடி ஜெபம் சொல்வார், கண்ணைத் திறந்து என்னைப் பார்த்துக் கேட்பார்:

“ஏலே, சிவப்பு நின்னு எரியுதா, மினுக்குதா?”

“மினுக்குது அண்ணாச்சி” என்றால் கையில் கிடைத்ததை எடுத்துக் கடிப்பார். “நின்னு எரியுது” என்றால், பதிவு ஓடுகிறதே என்று தொண்டையைச் செருமிக்கொண்டு, உடையாத நல்ல முறுக்காகப் பார்த்து எடுப்பார்.